தண்டனையும் திருத்தமும் - ஓர் அறவியல் நோக்கு

தண்டனை மனித சமூகத்தின் மிகப் பழைய வழக்கங்களுள் ஒன்று. ஆயின், குற்றவாளியைக் குறித்த ஒரு காலத்துக்குச் சிறையில் அடைத்து வைப்பதே தண்டனை என்னும் வழக்கம் பெரிதும் புதியது. அது பரவலான நடைமுறையாகி ஏறத்தாழ இருநூற்றைம்பது ஆண்டுகளே ஆகின்றன. அதற்கு முன்னரும் சிறைகள் இருந்தன. அவை விசாரணையை எதிர்நோக்கியோரையும், தூக்குக்குக் காத்திருந்தோரையும், கடன் தீர்க்க இயலாதோரையும் தடுத்து வைக்கும் இடங்களாகவே பெரும்பாலும் இருந்தன. சிறைவாசமே தண்டனையாக மாறிய வரலாற்றை ஆராயப் புகுவோர்க்கு ஓர் உண்மை வியப்பளிக்கும். இம்மாற்றத்தை வேண்டி நின்றோர் கொடியவர் அல்லர். தம் காலத்துக் கொடுமைகளைக் கண்டு உள்ளம் வெதும்பிய நல்லோர். குற்றவாளியைத் திருத்தி மீண்டும் மனிதனாக்க வேண்டும் என்பதே அவர்தம் வேட்கை. அவ்வேட்கையிலிருந்து பிறந்த நிறுவனமோ, உள்ளே சென்ற பலரின் அறிவையும் உயிரையும் சிதைத்தது. நல்லெண்ணம் எவ்வாறு இவ்விளைவைத் தந்தது? ஒருவனை அவனுடைய நன்மையின் பொருட்டே தண்டிக்கும் உரிமை எவருக்கேனும் உண்டா? இவ்வினாக்களே இக்கட்டுரையின் பொருளாகும்.

பதினெட்டாம் நூற்றாண்டு ஐரோப்பாவில் தண்டனை உடலின் மீது விழுந்தது. 1757இல், பிரெஞ்சு மன்னரைக் கத்தியாற் குத்திய டமியன் என்பவர் பாரிஸ் நகரில் மக்கள் முன்னிலையிற் சித்திரவதை செய்யப்பட்டு, குதிரைகளாற் பிய்த்துக் கொல்லப்பட்டார். இங்கிலாந்திலே பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மரணதண்டனைக்குரிய குற்றங்கள் இருநூறுக்கு மேற்பட்டிருந்தன. சிறு களவும் அவற்றுள் அடங்கும். இக்கொடுமைக்கெதிராக இத்தாலியரான பெக்காரியா 1764இல் வெளியிட்ட சிறுநூல் ஐரோப்பாவெங்கும் படிக்கப்பட்டது. தண்டனை குற்றத்தின் அளவுக்கு ஏற்றதாக இருத்தல் வேண்டும் என்றும், அதன் கடுமையைவிட அதன் நிச்சயத்தன்மையே குற்றத்தைத் தடுக்கும் என்றும், சித்திரவதையும் மரணதண்டனையும் ஒழிக்கப்படல் வேண்டும் என்றும் அவர் வாதிட்டார். பெக்காரியாவின் வாதத்தில் மையமாக நின்ற சொல் 'அளவு' என்பதாகும். இச்சொல்லைப் பின்னர் மீண்டும் நோக்குவோம்.

இங்கிலாந்தில் இப்பணியைத் தொடங்கியவர் ஜோன் ஹவார்ட். 1773இல் பெட்போட் மாவட்டத்தின் ஷெரிப் பதவியை ஏற்ற அவர், தம் பொறுப்பிலிருந்த சிறைக்குத் தாமே சென்று பார்த்தார். குற்றமற்றவர் என விடுவிக்கப்பட்டோரும் சிறைக்காவலருக்குக் கொடுக்க வேண்டிய கட்டணத்தைச் செலுத்த இயலாமையால் மீண்டும் உள்ளே அடைக்கப்படுவதை அங்கே கண்டார். காவலருக்குச் சம்பளம் இல்லை; கைதியிடம் பெறும் பணமே அவர்தம் வருமானம். ஹவார்ட் குதிரையேறி நாடு முழுவதும் சுற்றினார். எங்கும் அதே நிலைமை; எங்கும் சிறைக்காய்ச்சல் எனப்பட்ட கொள்ளைநோய். அவர் தம் சான்றுகளைப் பாராளுமன்றத்தின் முன் வைத்ததன் விளைவாக 1774இல் இரு சட்டங்கள் நிறைவேறின. 1777இல் சிறைகளின் நிலைமை பற்றிய அவருடைய நூல் வெளிவந்தது. 1790இல், தென் ரஷ்யப் பகுதியில் நோயாளரைப் பார்வையிடச் சென்றவிடத்துத் தாமே காய்ச்சலுற்று அவர் இறந்தார். நேரிற் சென்று காண்பதையும், எண்ணிக் குறித்து வைப்பதையும், கண்டதை வெளியே சொல்வதையும் சீர்திருத்தத்தின் கருவிகளாக்கியமை அவருடைய பெரும்பணி எனலாம்.

ஹவார்ட் வேண்டியது சுத்தமான, ஒழுங்கான சிறை மட்டுமன்று. கைதி தனியறையில் இருந்து தன் செயலை எண்ணிப் பார்த்தல் வேண்டும் என்பதும் அவர் விருப்பம். அக்காலச் சூழ்நிலையும் இக்கருத்துக்கு இடமளித்தது. அமெரிக்கக் குடியேற்றங்களுக்குக் குற்றவாளிகளை அனுப்பும் வழக்கம் அங்கு மூண்ட விடுதலைப் போரினால் நின்றுபோயிற்று. 1776 முதல் பழைய கப்பல்களிற் கைதிகள் அடைக்கப்பட்டனர். 1779இல் தனிமையையும் உழைப்பையும் சமயபோதனையையும் இணைக்கும் புதிய சிறைகளுக்கான சட்டம் இயற்றப்பட்டது. அப்புதிய சிறைக்கு ஆங்கிலத்தில் வழங்கிய பெயரே 'கழிவிரக்கம் கொள்ளும் இல்லம்' எனப் பொருள்படும். ஜெரமி பெந்தம், நடுவிலுள்ள கோபுரத்திலிருந்து ஒரே காவலன் எல்லா அறைகளையும் நோக்கக்கூடிய வட்டவடிவச் சிறையொன்றைத் திட்டமிட்டு 1791இல் வெளியிட்டார். தான் பார்க்கப்படுகிறானா என்பதைக் கைதி அறியமாட்டான். ஆதலால் எப்போதும் பார்க்கப்படுபவன் போலவே நடந்துகொள்வான் என்பது அதன் தத்துவம். பிரித்தானிய அரசு அத்திட்டத்தை இறுதியிற் கைவிட்டு, அவருக்கு நட்டஈடு வழங்கியது.

இக்கருத்துகள் முழுமையாகச் செயலுருப் பெற்றது அமெரிக்காவிலாகும். பிலடெல்பியா நகரில், குவேக்கர் சமயக் குழுவினர் பலர் உள்ளிட்ட நன்மக்கள் 1787இற் சிறைக் கைதிகளின் துயர் தணிக்கும் சங்கமொன்றை நிறுவினர். 1790இல் அந்நகரின் வோல்நட் வீதிச் சிறையிற் சில தனியறைகள் அமைக்கப்பட்டன. 1829இல் திறக்கப்பட்ட கிழக்கு மாநிலச் சிறை இம்முயற்சியின் உச்சமாகும். ஜோன் ஹவிலண்ட் என்னும் கட்டடக் கலைஞர் அதனை ஒரு நடுமையத்திலிருந்து ஆரங்கள் விரிவது போல் அமைத்தார். அக்காலத்தில் அமெரிக்காவிற் பெருஞ்செலவில் எழுந்த கட்டடங்களுள் அதுவும் ஒன்று. செல்வர் இல்லங்களிலும் அரிதாயிருந்த நீர்வசதியும் வெப்பவசதியும் ஒவ்வோர் அறைக்கும் இருந்தன. ஒவ்வோர் அறையையும் அடுத்து மதில் சூழ்ந்த சிறு முற்றம் இருந்தது. கைதி அங்கே தனியே உண்டான், தனியே தொழில் செய்தான், தனியே விவிலியம் படித்தான். அறையை விட்டு வெளியே கொண்டுசெல்லப்படும்போது முகத்தை மூடும் துணியுறை அணிவிக்கப்பட்டது. தண்டனைக்காலம் முழுவதும் மற்றொரு கைதியின் முகத்தை அவன் காணவுமில்லை. தன் முகத்தை மற்றொருவர்க்குக் காட்டவுமில்லை. அடியும் சங்கிலியும் இல்லாத சிறை இதுவென அதனை அமைத்தோர் பெருமை கொண்டனர்.

இதற்குப் போட்டியாக எழுந்தது நியூயோர்க் மாநிலத்து ஓபேர்ண் சிறையின் முறை. அங்கே 1821இன் இறுதியில் ஏறத்தாழ 80 கைதிகள், செய்வதற்குத் தொழிலும் இன்றி, முழுத் தனிமையில் அடைக்கப்பட்டனர். சிலர் இறந்தனர், சிலர் அறிவு கலங்கினர், பலருக்கு மாநில ஆளுநர் மன்னிப்பு வழங்க நேர்ந்தது. இதன்பின் ஓபேர்ண் நிர்வாகம் பகலிற் கூட்டாக உழைக்கவும் இரவில் தனியே உறங்கவும் விதித்தது. ஆனால் உழைக்கும்போது ஒரு சொல்லேனும் பேசலாகாது. பேசியவனுக்குச் சவுக்கடி. எந்த முறை சிறந்தது என்று இரு சாராரும் பல்லாண்டுகள் வாதிட்டனர். 1831இல் பிரான்சிலிருந்து வந்த தொக்விலும் பொமோனும் இரண்டையும் ஆராய்ந்து 1833இல் அறிக்கை வெளியிட்டனர். கைதி மனிதத் தொடர்பிலிருந்து துண்டிக்கப்பட வேண்டும் என்பதில் இரு முறைகளுக்கும் வேற்றுமை இல்லை. தனிமையை மதிலால் ஆக்குவதா, சவுக்கால் ஆக்குவதா என்பதே விவாதமாயிருந்தது.

1842இல் பிலடெல்பியாச் சிறையைப் பார்த்தவர்களுள் நாவலாசிரியர் சார்ள்ஸ் டிக்கன்ஸ் ஒருவர். இளமையிலே தந்தையார் கடனுக்காகச் சிறைப்பட்டதை அநுபவித்தவர் அவர். அச்சிறையை நடத்துவோரின் எண்ணம் கருணையும் மனிதாபிமானமும் உடையது என அவர் ஒப்புக்கொண்டார். ஆயினும் தாம் செய்வது இன்னதென அவர்கள் அறியவில்லை என்றும், உள்ளத்தின் மீது அன்றாடம் மெல்ல மெல்ல நிகழும் இச்சித்திரவதை உடலின் மீது செய்யப்படும் எதனிலும் கொடியது என்றும் அவர் தம் பயணநூலிற் கண்டித்தார். புண் வெளியே தெரிவதில்லை. அழுகுரல் காதில் விழுவதில்லை. ஆகவே அதைத் தடுக்க எவரும் எழுவதில்லை என்பது அவர் கருத்து. அதே ஆண்டில் இலண்டனில் பென்டன்வில் சிறை இம்முறையைப் பின்பற்றித் திறக்கப்பட்டது. தேவாலயத்திலும் கைதிகள் ஒருவரையொருவர் காணாதபடி தனித்தனித் தடுப்புகள் அங்கே இருந்தன. 1890இல் அமெரிக்க உயர் நீதிமன்றம் தனிமைச்சிறையின் வரலாற்றை நோக்கி, குறுகிய காலத் தனிமையின் பின்னரே பலர் அறிவு மழுங்கியதையும், சிலர் பித்துற்றதையும், சிலர் தம்முயிரை மாய்த்ததையும் எடுத்துரைத்தது. எனினும் பென்சில்வேனியா மாநிலம் இம்முறையை 1913இலேயே முறைப்படி கைவிட்டது.

இவ்வரலாற்றுக்கு எத்தகைய விளக்கம் கூறலாம்? பிரெஞ்சுச் சிந்தனையாளர் மிஷேல் பூக்கோ 1975இல் வெளியிட்ட நூல் ஒரு விளக்கத்தைத் தருகின்றது. தண்டனை மென்மையானது மனிதாபிமானம் வளர்ந்ததனால் அன்று; அதிகாரம் உடலை வதைப்பதை விட்டு, உள்ளத்தைப் பழக்கி ஒழுங்குபடுத்தும் புதிய வழியைக் கண்டுகொண்டதனாலேயே என்பது அவர் வாதத்தின் சாரம். தொழிற்சாலை, படைமுகாம், பாடசாலை, சிறை ஆகியன ஒரே ஒழுங்கின் வடிவங்களாக அவருக்குத் தோன்றின. இதில் உண்மை உண்டு. கைத்தொழிற் புரட்சியின் காலத்திலேயே மணியோசைக்கு எழுந்து, மணியோசைக்கு உழைக்கும் சிறையும் தோன்றியது தற்செயலன்று. ஆயினும் இவ்விளக்கத்தோடு நின்றுவிட்டால் அறவியல் வினா மறைந்துபோகும். நல்லெண்ணம் வெறும் முகமூடி என்றால் அதைக் கிழித்தெறிவதோடு நம் பணி முடிந்துவிடும். ஹவார்டின் கருணையும் பிலடெல்பியா நன்மக்களின் கருணையும் மெய்யானவை என்று கொள்ளும்போதே, மெய்யான கருணையும் கொடுமை செய்ய வல்லது என்பதற்கு நாம் விடை காண வேண்டியவராகின்றோம்.

இங்கேதான் பெக்காரியாவின் 'அளவு' என்ற சொல் பயன்படுகின்றது. செய்த குற்றத்துக்காகவே ஒருவனைத் தண்டிப்போமாயின், அத்தண்டனைக்கு ஓர் எல்லை உண்டு. களவு செய்தவனுக்குக் களவுக்குரிய தண்டனை. அது முடிந்ததும் அவன் கடன் தீர்ந்தவன். ஆனால் அவனைத் திருத்துவதே நோக்கம் என்று கொள்ளும்போது, எல்லை அவன் செய்த செயலில் இல்லை. அவன் இனி எத்தகையவன் ஆவான் என்பதில் உள்ளது. அதை அளப்பவர் எவர்? அவனைத் திருத்தும் பொறுப்பை ஏற்றவரே. திருந்தினான் என அவர் கூறும்வரை அவன் திருந்தாதவன். மருத்துவரை இதற்கு உவமை காட்டுவர். நோயாளி மருந்து வேண்டாமென்று எழுந்து செல்லலாம். கைதி எழுந்து செல்ல இயலாது. செல்ல இயலாதவனுக்கு அளிக்கப்படும் மருந்து அவன் எதிர்க்கும் இடத்தில் ஒறுப்பாகவே மாறும். கொடியவன் களைத்துப்போனால் நிறுத்துவான். நன்மை செய்கின்றேன் என நம்புபவனுக்கோ நிறுத்தும்படி சொல்லும் மனச்சாட்சி இல்லை.

ஜேர்மன் மெய்யியலாளர் கான்ற் 1797இல் இதனை வேறொரு வகையில் உணர்த்தினார். குற்றவாளிக்கோ சமூகத்துக்கோ வேறொரு நன்மை விளைவிக்கும் கருவியாக மட்டும் தண்டனை அமைதல் தகாது. அவன் குற்றம் செய்தான் என்பதே அதற்குக் காரணமாதல் வேண்டும் என்றார். தன் செயலுக்குப் பொறுப்பேற்கும் ஆற்றல் உள்ளவனாக ஒருவனை மதிப்பதே அவனைத் தண்டிப்பதன் அடிப்படை என்பது இதன் உட்பொருள். ஆங்கில எழுத்தாளர் சி. எஸ். லூயிஸ் 1949இல் எழுதிய கட்டுரையொன்றில் இவ்வாதத்தை இக்கால நிலைக்குப் பொருத்திக் காட்டினார். தகுதி என்ற எண்ணத்தைத் தண்டனையிலிருந்து நீக்கிவிட்டால் நீதி என்ற எண்ணமும் உடன் நீங்கிவிடும் என்பது அவர் எச்சரிக்கை.

இவ்வெச்சரிக்கை வெறுங் கற்பனையன்று. 1876இல் நியூயோர்க் மாநிலத்தின் எல்மைரா என்னுமிடத்தில் இளங்குற்றவாளிகளுக்கான சீர்திருத்தச்சாலை திறக்கப்பட்டது. அங்கே விடுதலை நாள் முன்கூட்டி நிச்சயிக்கப்படவில்லை. கைதியின் முன்னேற்றத்தைப் பொறுத்தது. முற்போக்கான முறையென உலகெங்கும் அது புகழப்பட்டது. சில ஆண்டுகளின் பின் அங்கு நிகழ்ந்த அடி உதை பற்றி விசாரணை நடத்த வேண்டியிருந்தது. கலிபோர்ணியா மாநிலம் 1917இல் இவ்வரையறையற்ற தண்டனை முறையை ஏற்றது. அம்மாநிலத்தில் ஜோர்ஜ் ஜாக்சன் என்ற கறுப்பின இளைஞர், 70 டொலர் கொள்ளையிட்ட வழக்கில், 'ஓராண்டு முதல் ஆயுட்காலம் வரை' எனத் தண்டிக்கப்பட்டார். ஆண்டுதோறும் விடுதலை மறுக்கப்பட்டது. ஏறத்தாழப் பதினோராண்டுகள் சிறையிற் கழிந்தன; அவற்றுட் பல ஆண்டுகள் தனிமையில். சிறைக்குள் நிகழ்ந்த கொலையொன்றின் குற்றச்சாட்டும் பின்னர் அவர்மீது சுமத்தப்பட்டது. 1971இல் சான் குவெண்டின் சிறையில் அவர் சுட்டுக் கொல்லப்பட்டார். அவர் குற்றமற்றவரா என்பது இங்கு எழும் வினாவன்று. 70 டொலருக்குரிய தண்டனை எங்கே முடிந்தது, மற்றது எங்கே தொடங்கியது என்று எவராலும் கூற இயலாத நிலையே நாம் நோக்க வேண்டியது. 1976இல் கலிபோர்ணியா பெரும்பாலான குற்றங்களுக்கு அம்முறையை நீக்கியது.

இவ்விடத்தில் ஒரு மறுப்பு எழுதல் இயல்பு. திருத்தும் நோக்கத்தைக் கைவிட்டால் எஞ்சுவது என்ன? வெறும் பழிவாங்கலன்றோ? இம்மறுப்பு வலுவானது, வரலாறும் அதற்குச் சான்று பகர்கின்றது. 1974இல் ரொபேட் மார்ட்டின்சன் என்ற சமூகவியலாளர் சிறைச் சீர்திருத்தத் திட்டங்களின் பயனைப் பெரிதும் ஐயுற்று எழுதிய கட்டுரை அமெரிக்காவிற் பெரும் செல்வாக்குப் பெற்றது. எதுவும் பயன் தராது என அதன் முடிவு சுருக்கி எடுத்துக்கொள்ளப்பட்டது. சில ஆண்டுகளில் மார்ட்டின்சனே தம் கருத்தைத் திருத்திக்கொண்டார். ஆனால் அத்திருத்தத்தைக் கேட்டவர் சிலரே. அடுத்து வந்த ஆண்டுகளிற் கல்வியும் பயிற்சியும் பல சிறைகளிற் குறைந்தன. தண்டனைக்காலங்கள் நீண்டன. இருபத்தோராம் நூற்றாண்டின் முதற் பத்தாண்டில் அந்நாட்டுச் சிறைகளில் இருபது இலட்சத்துக்கு மேற்பட்டோர் இருந்தனர். திருத்தும் எண்ணத்தை இழந்த சிறை, மனிதரை அடுக்கி வைக்கும் களஞ்சியமாயிற்று. 'தகுதிக்கேற்ற தண்டனை' என்ற கொள்கையும், தகுதியை நிர்ணயிப்போர் அச்சமும் சினமும் உடையவராயின் அளவிழந்துவிடும் என்பதை இதிலிருந்து அறிகின்றோம்.

ஆகவே திருத்தமா, தகுதியா என்று ஒன்றைத் தெரிவு செய்வதாக நம் வினாவை அமைத்தல் பொருந்தாது. திருத்தம் எந்த இடத்தில் நிற்க வேண்டும் என்பதே வினா. இதற்கு வழிகாட்டும் நிகழ்ச்சியொன்று அவுஸ்திரேலியாவை அடுத்த நோபோக் தீவில் நிகழ்ந்தது. மிகக் கொடிய குற்றவாளிகள் எனப்பட்டோர் அனுப்பப்பட்ட அத்தீவுக்கு 1840இல் அலெக்சாண்டர் மக்கொனொக்கி பொறுப்பாளராக வந்தார். அவ்வாண்டு மே மாதம், விக்டோரியா மகாராணியாரின் பிறந்தநாளை முன்னிட்டு, சிறை வாயில்களைத் திறந்துவிட்டுத் தீவெங்கும் உலாவக் கைதிகளை அனுமதித்தார். விருந்தும் நாடகமும் நடைபெற்றன. மாலையிற் கைதிகள் அமைதியாகத் திரும்பினர். இச்செய்தி கேட்டு மேலதிகாரிகள் அதிர்ச்சியுற்றனர். 1844இல் அவர் பதவியிலிருந்து நீக்கப்பட்டார். நன்னடத்தைக்குப் புள்ளிகள் வழங்கி விடுதலையை விரைவுபடுத்தும் அவருடைய முறையிலிருந்தே பின்னைய வரையறையற்ற தண்டனை வளர்ந்தது என்பதையும் மறைத்தல் தகாது. ஆயினும் அந்த மே நாளில் அவர் செய்தது வேறு. எதையும் நிரூபிக்குமாறு கேளாமல், முன்கூட்டியே அவர்களை நம்பினார்.

1974இல் நோர்வல் மொறிஸ் என்ற சட்ட அறிஞர் இவ்வேறுபாட்டைத் தெளிவான கொள்கையாக்கினார். சிறையில் கல்வியும் சிகிச்சையும் தொழிற்பயிற்சியும் இருத்தல் வேண்டும். ஆனால் அவற்றை ஏற்பதும் மறுப்பதும் விடுதலை நாளை மாற்றலாகாது என்றார். இதன் வழியே மூன்று முடிவுகளுக்கு நாம் வரலாம். முதலாவது, தண்டனையின் மேலெல்லையைச் செய்த குற்றமே வரையறுத்தல் வேண்டும். எத்துணை நல்ல நோக்கமும் அவ்வெல்லையைத் தாண்ட அனுமதி தராது. இரண்டாவது, அவ்வெல்லைக்குள் திருந்துவதற்கான வாய்ப்பை அளிப்பது அரசின் கடமை. அதை ஏற்பது கைதியின் உரிமை. மூன்றாவது, சிறை வெளியாரின் கண்களுக்குத் திறந்திருத்தல் வேண்டும். பிலடெல்பியாவில் மதிலுக்குள் நடந்ததை அறிய ஒரு விருந்தாளி வர வேண்டியிருந்தது. 1955இல் வகுக்கப்பட்டு, 2015இல் திருத்தப்பெற்று நெல்சன் மண்டேலாவின் பெயரால் வழங்கும் ஐக்கிய நாடுகளின் விதிகள், தொடர்ந்து 15 நாள்களுக்கு மேற்பட்ட தனிமைச்சிறையைத் தடை செய்கின்றன. அத்தனிமையே ஒரு காலத்தில் கருணையின் உச்சமாகக் கருதப்பட்டது என்பதை மறத்தலாகாது.

இவை யாவற்றுக்கும் முற்பட்ட கடமை ஒன்றுண்டு. ஒருவனுடைய கதவை வெளியிலிருந்து பூட்டும் அரசு, அவன் தன்னைக் காத்துக்கொள்ளும் ஆற்றலையும் எடுத்துக்கொள்கிறது. ஆகவே அவன் உயிருக்கு அது முழுப்பொறுப்பாளியாகின்றது. பத்தொன்பதாம் நூற்றாண்டிற் பிரித்தானியர் தம் குடியேற்ற நாடுகளிலும் சிறைகளை எழுப்பினர். 1841இல் அமைந்த கொழும்பு வெலிக்கடைச் சிறை அவற்றுள் ஒன்று. அச்சிறையில் 1983 யூலை 25ஆம், 27ஆம் நாள்களில் 53 தமிழ்க் கைதிகள் கொல்லப்பட்டனர். விசாரணையை எதிர்நோக்கியிருந்தோரும் அவர்களுள் இருந்தனர். அரசின் மதிலுக்குள், அரசின் பூட்டுக்குள் இது நிகழ்ந்தது. கைதியின் உயிர் காக்கப்படாத இடத்தில் தண்டனை பற்றிய எந்தக் கோட்பாடும் பொருளற்றதாகும். திருத்துதல் என்ற பேச்சு, காத்தல் என்ற கடமை நிறைவேறிய பின்னரே எழத்தக்கது.

நம் இலக்கியமும் இச்சிக்கலை அறிந்திருந்தது. மணிமேகலைக் காப்பியத்தில் மணிமேகலை காயசண்டிகை வடிவிற் சிறைக்கோட்டம் புகுந்து, அங்கிருந்தோர்க்கு அமுதசுரபியால் உணவூட்டுகின்றாள். எவர் என்ன குற்றம் செய்தார் என அவள் வினவவில்லை. யாது வேண்டும் என மன்னன் கேட்டபோது, சிறைக்கோட்டத்தை அறக்கோட்டம் ஆக்குமாறு வேண்டுகின்றாள். அவ்வாறே ஆகின்றது. பின்னர் உதயகுமரன் கொலையுண்டமை தொடர்பாக அவளே சிறைப்படுகின்றாள். அவளை விடுவித்துத் தன்னிடம் அழைத்துச் செல்லும் அரசமாதேவி, இரக்கம் காட்டுவாள் போல் நடித்துத் துன்புறுத்துகின்றாள். நோயுற்றாள் என்று பொய்கூறிப் புழுக்கறையில் அடைக்கின்றாள். சிறையிலிருந்து மீட்டல் என்றும், நோய்க்குப் பராமரிப்பு என்றும் பெயர் சூட்டப்பட்ட அவ்வடைப்பு, மன்னனின் சிறையிலும் கொடியதாகின்றது.

சிறைகளையெல்லாம் ஒரே நாளில் அறக்கோட்டமாக்குதல் இன்றைய அரசெதற்கும் இயலாததாகலாம். ஆனால் மணிமேகலையின் செயல்களிற் காணப்படும் வரிசை கருதத்தக்கது. அவள் முதலிற் பசியைத் தீர்த்தாள். அடுத்து அவ்விடத்தை மாற்றும்படி கேட்டாள். அறவுரைக்கு இடம் அதன் பின்னரே ஏற்பட்டது. பிலடெல்பியாவின் நன்மக்கள் கைதியின் உள்ளத்தை முதலில் மாற்ற முனைந்தனர். நாம் ஒருவரைத் திருத்தப் புகுமுன், அவரை வைத்திருக்கும் இடம் மனிதர் வாழத்தக்கதா என்றும், நம் முயற்சியை வேண்டாமென மறுக்கும் உரிமை அவருக்கு உண்டா என்றும் கேட்டுக்கொள்ளல் வேண்டும். இவ்விரு வினாக்களுக்கும் 'ஆம்' என விடையிறுக்க இயலாத எந்தத் தண்டனை முறையும், அதை நடத்துவோர் எத்துணை நல்லவராயினும், நீதியானது ஆகாது.